கடைசிப் பந்தி யாருக்கு?

"டாக்டர், மாடிப்படி ஏறினா மூச்சு வாங்குது. முடி கொத்துக் கொத்தா கொட்டுது" என்று வரும் பெண்களிடம் நாடி பார்த்துக்கொண்டே ஒரு கேள்வி கேட்பேன். "நேத்து ராத்திரி உங்க வீட்டில் யாரும்மா கடைசியா சாப்பிட்டது?"

"நான்தான், வேற யாரு?" என்று சிரிப்பார்கள். பாங்க் அதிகாரியும் அதைத்தான் சொல்கிறார். பள்ளிக்கூட டீச்சரும் அதைத்தான் சொல்கிறார்.

நம் பெண்கள் படிக்கிறார்கள், ஸ்கூட்டர் ஓட்டுகிறார்கள், சம்பளம் வாங்குகிறார்கள். அடுப்படியில் மட்டும் பாட்டி காலத்துச் சட்டம்! எல்லோருக்கும் பரிமாறிவிட்டுச் சட்டியில் மிஞ்சியதைச் சாப்பிடுவது. காலையில் அதுவும் கிடையாது. ஒரு டம்ளர் காபி, பஸ்ஸுக்கு ஓட்டம்.

2019-21 தேசிய குடும்ப நலக் கணக்கெடுப்பில், 15 முதல் 49 வயதுள்ள இந்தியப் பெண்களில் 57 சதவிகிதம் பேருக்கு ரத்தசோகை. தமிழ்நாட்டில் 53 சதவிகிதம். சித்த மருத்துவத்தில் இதைப் பாண்டு என்போம். அதிக மாதவிலக்கு, குடற்புழு என வேறு காரணங்களும் உண்டு. ஆனால், தட்டில் விழாத சத்து ரத்தத்தில் எப்படிச் சேரும்?

வேடிக்கை என்ன தெரியுமா? பழைய வழக்கத்தில் நல்லதை விட்டுவிட்டோம். எள்ளுருண்டை, கேழ்வரகு அடை, முருங்கைக்கீரை எல்லாம் போயாச்சு. கடைசிப் பந்தி மட்டும் போகவில்லை.

"அந்தக் காலத்தில் நாங்க இப்படித்தானே இருந்தோம்?" என்று மாமியார்கள் கேட்கிறார்கள். இருந்தீர்கள் அம்மா. அன்று உங்கள் ரத்தத்தை யார் சோதித்துப் பார்த்தார்கள்? சோர்ந்து உட்கார்ந்தால் 'சோம்பேறி' என்றுதானே பேர் வைத்தார்கள்?

நான் மருந்து கொடுக்கிறேன். மூன்று மாதத்தில் தேறுகிறார்கள். அடுத்த வருஷம் அதே வெளுத்த முகத்தோடு வருகிறார்கள். பரிமாறும் வரிசையை மாற்ற என்னிடம் செந்தூரம் இல்லை.

அதை நீங்கள்தான் மாற்ற வேண்டும். கணவன்மார்களே, ராத்திரி எல்லோரும் சேர்ந்து உட்காருங்கள். பொரியலை முதலிலேயே சமமாகப் பங்கு வையுங்கள். தோசையை ஆளுக்கு ஒரு நாள் சுட்டால் கை தேய்ந்துவிடாது.

தாய்மார்களே, ஹீமோகுளோபின் பரிசோதனை செய்துகொள்ளுங்கள். 12-க்குக் கீழே இருந்தால் வைத்தியரைப் பாருங்கள். நீங்களாகச் செந்தூரம் வாங்கிச் சாப்பிட வேண்டாம். சாப்பிட்ட உடனே காபி, டீ குடித்தால் இரும்புச்சத்து உடம்பில் சரியாகச் சேராது. ஒரு மணி நேரம் தள்ளிக் குடியுங்கள். கீரையோடு நெல்லிக்காயோ எலுமிச்சையோ சேரட்டும்.

முக்கியமாக, இன்று ராத்திரி உங்கள் தட்டையும் எல்லோருடைய தட்டோடு சேர்த்தே வையுங்கள்.