கடின சீவர தானம்: நிறுத்தியது சரியா?

நாம் "கடினம்" என்கிறோமே, அதே சொல்தான் இதுவும். பழங்காலப் பிக்குகள் துணித் துண்டுகளை விரித்துக் கட்டித் தைத்த மரச்சட்டத்துக்குப் பாலியில் அந்தப் பெயர். மழைக்காலம் மூன்று மாதமும் ஒரே விகாரையில் தங்கி முடித்த பிக்குகளுக்கு மக்கள் சீவரம், அதாவது துவராடை, கொடுக்கும் விழாவுக்கும் அதுவே பெயராகிவிட்டது. ஒரு விகாரைக்கு வருடத்துக்கு ஒரு தடவைதான். பிக்கு வாய் திறந்து கேட்கக்கூடாது, மக்களாகக் கொடுக்க வேண்டும்.

பர்மா, தாய்லாந்து, இலங்கை எல்லா இடத்திலும் உண்டு. ஆனால் வங்கதேசத்தின் சிட்டகாங் மலைப்பகுதியில் சக்மா மக்கள் செய்வது கொஞ்சம் வேறு மாதிரி. ரங்கமாட்டியில் ராஜவன விகாரை இருக்கிறது. அங்கே பெண்கள் கூடிப் பஞ்சை நூலாக்கி, சாயம் தோய்த்து, இடுப்போடு கட்டிக்கொள்ளும் தறியில் நெய்து, தைத்து முடிக்கிறார்கள். எல்லாம் 24 மணி நேரத்துக்குள்! விடிய விடிய வேலை. புத்தரின் சீடை விசாகை இப்படிச் செய்தாள் என்பது நம்பிக்கை. 1970-களில் வனபந்தே என்ற துறவி இதை அங்கே மறுபடி தொடங்கிவைத்தார்.

துணிக்கடையில் ரெடிமேடாக வாங்கினால் வேலை சுலபம். எங்கள் காஸ்ட் அக்கவுண்டிங் பாடப்படி பார்த்தால் இது சுத்த நஷ்டம் :-) ஆனால் இந்த மக்களின் கதையையும் பார்க்க வேண்டும். 1960-களில் கப்தாய் அணை கட்டியபோது சுமார் ஒரு லட்சம் பேர் வீடு நிலத்தை இழந்தார்கள். வயலைத் தண்ணீர் கொண்டுபோனது, தறி மட்டும் கையில் மிஞ்சியது. அதில் நெய்ததைத்தான் கொடுக்கிறார்கள்.

2024 செப்டம்பரில் கக்ராச்சாரியிலும் ரங்கமாட்டியிலும் மலைமக்கள் மீது தாக்குதல். உயிர்கள் போயின, கடைகள் எரிந்தன. அக்டோபரில் பிக்குகள் கூடி, பாதுகாப்பு இல்லை, இந்த வருடம் மலைப்பகுதியில் கடின சீவர தானம் கிடையாது என்று அறிவித்துவிட்டார்கள்.

"கஷ்ட காலத்தில்தானே விழா வேண்டும், நிறுத்தினால் அடித்தவனுக்குத்தானே வெற்றி?" என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான். ஆனாலும் பிக்குகள் செய்தது சரி என்றே எனக்குப் படுகிறது. ராத்திரி முழுக்கத் தறியில் உட்காரப் போவது பெண்கள். அவர்களைப் பயத்தில் உட்காரவைத்து வாங்கும் துணி எப்படி மனமுவந்த தானமாகும்? சுற்றிலும் துப்பாக்கி நிற்க விழா நடந்திருந்தால், "பார், எல்லாம் அமைதியாக இருக்கிறது" என்று காட்ட ஒரு புகைப்படம் கிடைத்திருக்கும், அவ்வளவுதான். தானத்தை ஏற்க வேண்டியவர்களே வேண்டாம் என்று சொன்னதால்தான் வெளியில் இருக்கிற நமக்கும் விஷயம் தெரிந்தது.

ஒரே ஒரு வருத்தம். இதைத் தள்ளிவைக்க வழியில்லை. மழைக்காலத் தங்கல் முடியும் பௌர்ணமியிலிருந்து அடுத்த பௌர்ணமிக்குள் கொடுத்தாக வேண்டும். நாள் தாண்டினால் அந்த வருடத்துக் கடினம் கிடையாது. 2024-க்கு நெய்ய வேண்டியதை அந்தப் பெண்கள் 2025-இல் நெய்து ஈடுகட்ட முடியாது.