கப்பல்காரர்களின் மொய் நோட்டு

2024 மார்ச் 26-ம் தேதி அமெரிக்காவில் பால்டிமோர் நகரத்துப் பாலத்தின் மேல் 'டாலி' என்ற கண்டெய்னர் கப்பல் மோதியதே, ஞாபகம் இருக்கிறதா? பாலம் பொலபொலவென்று சரிந்து தண்ணீரில் விழுந்தது. மேலே வேலை செய்துகொண்டிருந்த ஆறு பேர் இறந்துபோனார்கள். கப்பலில் இருந்தவர்கள் பெரும்பாலும் இந்தியர்கள் என்பதால், கப்பல் சம்பந்தப்பட்ட வேலையில் இருக்கும் எனக்கு ஊரிலிருந்து ஏகப்பட்ட போன். "பசங்களை ஜெயில்ல போட்ருவாங்களா?" என்றுதான் எல்லோரும் கேட்டார்கள். மாமா ஒருவர் மட்டும், "இதுக்கெல்லாம் யாருப்பா காசு கொடுப்பா?" என்றார்.

"ஒரு கிளப் கொடுக்கும் மாமா."

"கிளப்பா? சீட்டாடுவாங்களே, அதுவா?"

மாமாவைச் சொல்லிக் குற்றமில்லை. மும்பை பல்லார்ட் எஸ்டேட்டில் ஒரு ஆபீசில் வேலைக்குச் சேர்ந்த புதிதில் நானும் இப்படித்தான் முழித்தேன். பி அண்டு ஐ கிளப் என்பது அதன் பெயர். கப்பலுக்கு வரும் சேதத்துக்கு இன்ஷூரன்ஸ் கம்பெனி இருக்கிறது. ஆனால் நம் கப்பலால் அடுத்தவனுக்கு வரும் சேதத்துக்கு? செத்துப்போன மாலுமி, உடைந்த ஜெட்டி, கடலில் கொட்டிய எண்ணெய், நனைந்துபோன சரக்கு, இதற்கெல்லாம்தான் இந்த கிளப். இதில் முதலாளி என்று தனியாக யாரும் கிடையாது. கப்பல்காரர்களே சேர்ந்து, ஒருவர் நஷ்டத்தை எல்லோரும் பங்கு போட்டுக்கொள்கிறார்கள். டன் கணக்கு, பழைய நஷ்டக் கணக்கு எல்லாம் பார்த்து ஆளுக்கு இவ்வளவு என்று சீட்டு வரும். அதற்குப் பெயர் பிரீமியம் இல்லை, 'கால்'. வருஷக் கடைசியில் பணம் பற்றவில்லை என்றால் இன்னொரு 'கால்' வரும்.

எங்கள் பக்கம் கல்யாணத்துக்கும் காதுகுத்துக்கும் மொய் எழுதுவார்கள். இது இழவுக்கு எழுதும் மொய். அடுத்த இழவு யார் வீட்டில் என்று மட்டும் யாருக்கும் தெரியாது.

சரி, கதைக்கு வருவோம்.

இங்கிலாந்தில் 1720-ல் ஒரு சட்டம் போட்டார்கள். கப்பல் இன்ஷூரன்ஸை கம்பெனியாக நடத்த ராயல் எக்ஸ்சேஞ்ச், லண்டன் அஷ்யூரன்ஸ் என்ற இரண்டு பேருக்கு மட்டும்தான் உரிமை. மற்றபடி லாயிட்ஸ் காபிக்கடையில் உட்கார்ந்து தனி ஆளாகக் கையெழுத்துப் போடலாம். இவர்கள் கேட்ட விலை சின்னத் துறைமுகத்துக் கப்பல்காரர்களுக்குக் கட்டுப்படியாகவில்லை. ஊர் ஊராகக் கூடி, தங்கள் கப்பலுக்குத் தாங்களே கிளப் வைத்துக்கொண்டார்கள். 1824-ல் அந்த ஏகபோகம் ஒழிந்தது, வெளிச்சந்தையில் விலை இறங்கியது. நல்ல கப்பல் வைத்திருந்தவர்கள் கிளப்பிலிருந்து கழன்றுகொண்டார்கள். ஓட்டைக் கப்பல்காரர்கள் மிஞ்சினார்கள். ஓட்டைகள் மட்டும் சேர்ந்து மொய் எழுதினால் என்ன ஆகும்? கிளப்புகள் படுத்துவிட்டன. இந்த இடத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பிறகு வருகிறேன்.

அடுத்த திருப்பம் நடந்தது நம்ம ஊர் ஹூக்ளி ஆற்றில். 'லா வலூர்' என்ற கப்பலும் 'ஃபோர்ப்ஸ்' என்ற நீராவிக் கப்பலும் மோதிக்கொண்டன. எதிராளிக்குக் கொடுக்கவேண்டி வந்த பணத்தை லா வலூர் தரப்பு இன்ஷூரன்ஸில் கேட்டது. "உன் கப்பல் உடைந்தால் தருவோம், நீ உடைத்ததற்குத் தர முடியாது" என்ற கணக்கில் 1836-ல் லண்டன் கோர்ட் தீர்ப்புச் சொல்லிவிட்டது. பிறகு இன்ஷூரன்ஸ்காரர்கள் மோதல் பொறுப்பில் முக்கால் பங்கை ஏற்றார்கள். கால் பங்கு கப்பல்காரன் தலையில். கையிலிருந்து கொஞ்சமாவது போனால்தான் ஒழுங்காக ஓட்டுவான் என்ற எண்ணம்.

1846-ல் விபத்தில் இறந்தவரின் குடும்பம் நஷ்டஈடு கேட்கலாம் என்று சட்டம் வந்தது. கப்பல்காரர்களுக்குத் தூக்கம் போனது. 1855 மே 1-ம் தேதி, இந்தப் பொறுப்புகளுக்கென்றே முதல் கிளப் தொடங்கியது. 1870-ல் 'வெஸ்டன்ஹோப்' என்ற கப்பல் போகவேண்டிய பாதையிலிருந்து விலகிப்போய் தென்னாப்பிரிக்கா பக்கம் மூழ்கியது. சரக்குக்கான பணம் முழுவதும் கப்பல்காரர் தலையில் விழுந்தது. அதைப் பார்த்துப் பயந்து 1874-ல் நியூகாசிலில் சரக்குப் பொறுப்புக்கும் கிளப்பில் இடம் கொடுத்தார்கள்.

அந்த 1855 கிளப்பின் வாரிசுதான் இன்றைய பிரிட்டானியா. டாலிக்குப் பொறுப்பு ஏற்றிருந்ததும் அதே கிளப்தான்!

இன்று இப்படிப் பன்னிரண்டு கிளப்புகள் ஒரு கூட்டமைப்பாக இருக்கின்றன. உலகக் கடல் வணிகக் கப்பல்களின் கொள்ளளவில் ஏறக்குறைய 90 சதவீதம் இவர்களிடம். ஒரு விபத்தில் முதல் 1 கோடி டாலரை அந்தந்த கிளப் கொடுக்கும். அதற்கு மேல் 10 கோடி டாலர் வரை பன்னிரண்டும் பங்கு போடும். அதற்கும் மேலே போனால் மறுகாப்பீடு. வருஷக் கணக்கு இன்னமும் பிப்ரவரி 20-ல்தான் தொடங்குகிறது. அந்தக் காலத்தில் பால்டிக் கடலில் பனி உருகிக் கப்பல்கள் கிளம்பும் சமயம் அது என்பார்கள்.

இதில் இந்திய கிளப் எது என்று கேட்டால், ஒன்றும் இல்லை. உலக மாலுமிகளில் ஏறக்குறைய பத்தில் ஒருவர் இந்தியர். ஆனால் மொய் நோட்டு லண்டனிலும் நார்வேயிலும் ஜப்பானிலும் இருக்கிறது. இது வலித்தது 2012-ல். ஈரான் எண்ணெய் ஏற்றும் கப்பல்களுக்கு ஐரோப்பிய இன்ஷூரன்ஸ் கிடையாது என்று ஜூலை 1 முதல் தடை. ஜப்பான் அரசு 760 கோடி டாலர் வரை தானே பொறுப்பேற்றது. நம் அரசு கம்பெனிகள் கொடுக்க முடிந்தது பொறுப்புக்கு 5 கோடி டாலர், கப்பலுக்கு 5 கோடி டாலர். எண்ணெய்க் கசிவுக்கு மட்டும் கிளப்புகள் கொடுப்பது 100 கோடி டாலர்! அதிலிருந்தே நமக்கென்று ஒரு கிளப் வேண்டும் என்ற பேச்சு வலுத்தது.

வேண்டும்தான். நானும் அந்தக் கட்சிதான். ஆனால் பேசுகிறவர்கள் எல்லோரும் பணத்தைப் பற்றி மட்டும் பேசுகிறார்கள். அரசாங்கம் இத்தனை கோடி போடும், கிளப் ரெடி என்கிறார்கள். 1824-க்குப் பின்னால் நடந்ததை நினைத்துப் பாருங்கள். கிளப்பைத் தாங்குவது பணம் இல்லை, "உன் கப்பலை நாங்கள் சேர்க்க மாட்டோம்" என்று சொல்லும் உரிமை. பக்கத்து ஆளின் ஓட்டைக்கு என் பாக்கெட்டிலிருந்து பணம் போகும் என்னும்போதுதான் நான் அவன் கப்பலை எட்டிப் பார்ப்பேன். சர்வேயரை அனுப்புவேன். டெல்லியிலிருந்து ஒரு போன் வந்தால் துருப்பிடித்த கப்பலையும் சேர்த்துக்கொள்ளும் கிளப், கிளப் இல்லை. வராக்கடன் வாங்கி மூழ்கும் கூட்டுறவு வங்கி மாதிரி அது.

இன்னொன்று, உலகக் கொள்ளளவில் இந்தியக் கொடிக் கப்பல்கள் சுமார் ஒரு சதவீதம்தான். இவ்வளவு சின்னப் பந்தியில் ஒரு டாலி வந்து உட்கார்ந்தால் எல்லார் இலையும் காலி. ஆகவே பார்ஜ், டக், டிரெட்ஜர், கரையோரக் கப்பல் என்று சின்னதாகத் தொடங்கி, பெரிய கப்பல்களை இப்போதைக்கு அந்தப் பன்னிரண்டிலேயே விட்டுவைப்பதுதான் புத்திசாலித்தனம்.

வெளிநாட்டு கிளப்புகள் எல்லாம் தர்மப்பிரபுக்கள் என்று நான் சொல்லவில்லை. அவர்கள் விதியில் ஒன்று உண்டு. கப்பல்காரர் முதலில் தன் கையிலிருந்து கொடுக்கவேண்டும், பிறகுதான் கிளப் அவருக்குக் கொடுக்கும். கப்பல்காரர் திவாலாகிவிட்டால்? கிளப்பும் கையை விரிக்கலாம். 'ஃபாண்டி' கப்பல் வழக்கில் 1990-ல் இங்கிலாந்தின் பிரபுக்கள் சபையே அது செல்லும் என்று தீர்ப்புச் சொன்னது. உயிரிழப்பு, காயம் இவற்றுக்கு அந்த விதியைக் காட்டக்கூடாது என்று 2010-ல் சட்டம் போட்டுத் திருத்தினார்கள். சரக்குக்காரருக்கு இன்னமும் அந்தப் பாதுகாப்பு இல்லை. நாம் தொடங்கும் கிளப்பில் இந்த விதி முதல் நாளிலிருந்தே இருக்கக்கூடாது. மாலுமியின் குடும்பமும் வலை நாசமான மீனவரும் நேராக கிளப்பிடம் கேட்க வழி வேண்டும்.

இவ்வளவு அழுத்திச் சொல்லக் காரணம் இருக்கிறது. பல வருஷம் முன்பு தூத்துக்குடிப் பக்கத்திலிருந்து ஒரு பெரியவர் எங்கள் ஆபீசுக்கு வந்தார். மகன் ஒரு சின்னக் கப்பலில் வேலை பார்த்து இறந்துவிட்டான். தமிழ் தெரியும் என்பதால் என்னிடம் உட்காரவைத்தார்கள். மஞ்சள் பையிலிருந்து இன்ஷூரன்ஸ் சான்றிதழின் ஜெராக்ஸை எடுத்து நீட்டினார். எழுதிக்கொடுத்த கம்பெனியைத் தேடினால் ஆபீசே இல்லை, வெறும் வெப்சைட். கப்பல் முதலாளி போனை எடுக்கவில்லை. நான் விஷயத்தைச் சொல்லத் தயங்கிக்கொண்டிருந்தபோது அவரே கேட்டார்.

"நல்ல கப்பலாப் பாத்துத்தான தம்பி சேத்துக்கிடுவாங்க? அப்ப எம் பையன் கப்பல யாரும் சேக்கலயா?"

"இல்லைங்க ஐயா."

ஜெராக்ஸை நாலாக மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, "தெரிஞ்சிருந்தா ஏத்தி விட்டிருக்க மாட்டேன்" என்றார். வி.டி. ஸ்டேஷனுக்கு எப்படிப் போகவேண்டும் என்று கேட்டார். நானே கூட்டிக்கொண்டு போய் ரயிலேற்றிவிட்டு வந்தேன்.