அடுத்தவன் மடையை அடைக்கிற கில்லாடிகள்

ராத்திரியோட ராத்திரியா அடுத்தவன் மடையை அடைச்சுட்டுத் தன் வயலுக்குத் தண்ணி திருப்புறவனுக்கு எங்க ஊர்ல வேற பேருங்க. பட்டணத்துல அதையே வைஃபையில செஞ்சா கில்லாடியாம்! சென்னையில நாலு பேரோட ரூம் எடுத்துத் தங்கியிருக்கிற என் தம்பி மகன் பெருமையாச் சொன்னதுதான் இந்தப் பதிவுக்குக் காரணம். நாலு பேரும் காசு போட்டு வாங்குன இணைப்பு. இவன் நெட்கட் போட்டு மத்த மூணு பேரையும் முடக்கிட்டு கிரிக்கெட் பார்க்கிறானாம்.

இதுல பெரிய மூளையெல்லாம் ஒண்ணும் இல்லை. 1982ல வகுத்த ஏஆர்பி நெறிமுறைதான் இன்னைக்கும் ஓடுது. "இந்த ஐபி யாருது?"ன்னு கேட்டா, "என்னுது"ன்னு எவன் சொன்னாலும் நம்பிடும். அந்தச் செயலி மத்தவங்க போன்கிட்ட "நான்தான் ரவுட்டர்"னு சொல்லும், ரவுட்டர்கிட்ட "நான்தான் அந்த போன்"னு சொல்லும். அப்புறம் எல்லார் தண்ணியும் இவன் வயல் வழியாத்தான் போகணும்.

"வேகத்தை மட்டும்தானே குறைச்சேன் பெரியப்பா"ங்கறான். அது எப்படிப்பா? மூணு பேரோட போக்குவரத்தும் உன் மடிக்கணினிக்குள்ள புகுந்து வருது. பூட்டுப்போட்ட தளங்கள்ல உள்ள இருக்கிறது தெரியாதுதான். எந்தத் தளத்துக்குப் போறாங்கங்கறது பெரும்பாலும் தெரியும். நாளைக்கு ஒருத்தன் கணக்குல பணம் போச்சுன்னா, நடுவுல உட்கார்ந்திருந்தவனைத்தானே முதல்ல கேப்பாங்க? உன் கணினி திடீர்னு தூங்கிட்டா மத்தவங்களுக்கு இணைப்பே அறுந்து நிக்கும். அதுல ஒருத்தன் வேலைக்கான நேர்காணல்ல இருந்தா? இந்த லட்சணத்துல, எங்கேயோ கிடைச்ச கள்ள நகலுக்கு நிர்வாகி அனுமதி வேற குடுத்து வச்சிருக்கான்.

சட்டமும் சும்மா இல்லை. தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2000, 43ஆம் பிரிவு வலையமைப்பைக் குலைக்கிறதையும், உரிமையுள்ளவனுக்கு அணுகலை மறுக்கிறதையும் சொல்லுது. கெட்ட நோக்கத்தோட செஞ்சா 66ஆம் பிரிவு: 3 வருஷம் வரை சிறை, 5 லட்சம் வரை அபராதம், இல்லேன்னா ரெண்டும்.

ஒருத்தன் விடிய விடியப் படம் இறக்குறான், மத்தவன் என்ன செய்வான்னு கேட்பீங்க. நியாயமான கேள்விதான். எங்க ஊர்ல அதுக்குத்தான் நீர்பாய்ச்சி இருந்தார், முறை வச்சுத் திறந்துவிட. உங்களுக்கு ரவுட்டரே இருக்கு. நிறைய ரவுட்டர்கள்ல ஆளுக்கு இவ்வளவுன்னு வேகத்தைப் பிரிச்சு வைக்கலாம். நாலு பேரும் உட்கார்ந்து, பேசி, எல்லாருக்கும் தெரிய வைங்க.

உங்க ரூம்ல நெட் காரணமில்லாம அறுந்துகிட்டே இருந்தா, விண்டோஸ் கட்டளைச் சாளரத்துல 'ஏஆர்பி -ஏ' கட்டளையை ஆங்கிலத்துல அடிச்சுப் பாருங்க. ரவுட்டருக்கும் இன்னொரு ஐபிக்கும் ஒரே மேக் முகவரி காட்டுச்சுன்னா, அந்த இன்னொரு ஐபி யாரோடதுன்னு ரூம்ல விசாரிங்க.