பழைய கைப்பேசியும் புள்ளிக் கணக்கும்

நம் மாணவருள் கைப்பேசியில் விளையாடாதார் மிகச் சிலரே. விடுதித் தாழ்வாரத்திலேனும் புகைவண்டி நிலையத்திலேனும் நால்வர் கூடியவிடத்து, "என் கைப்பேசி பழையதாய்ப் போயிற்று, ஆட்டம் நடுவிலே திணறி நிற்கிறது, புதிது வாங்கினாலன்றி விமோசனமில்லை" என்னும் முறையீடு தவறாது கேட்கப்படுகிறது. அம்முறையீடு பின்னர் வீட்டுக்கு எட்டி, தந்தையார் மாதத் தவணைக்குக் கடன்படுவதில் முடிதலும் உண்டு. நோய் இன்னதென்று நாடி பிடித்துப் பாராமலே மருந்துக்குப் பொருள் செலவிடுதலை ஒக்கும் இச்செயல் நமக்கு உடன்பாடன்று. பழைய கைப்பேசியைத் தள்ளுமுன், அதன் திரையில் ஆட்டம் வரையப்படும் புள்ளிகளின் தொகையைக் குறைத்துப் பார்த்தல் வேண்டும் என்பதே நம் அபிப்பிராயம். அதற்குரிய நியாயங்களை ஈண்டு எடுத்துரைக்கப் புகுகின்றோம்.

விளையாட்டே வீண் பொழுதுபோக்கு என்று கருதும் பெரியோர் நம்முள் உளர். அவரோடு வழக்காட நாம் வரவில்லை. ஆடுவோர் ஆடத்தான் போகிறார்கள்; அவர்கள் வீண் செலவின்றி ஆடட்டும் என்பதே நம் விருப்பம்.

முதலாவது, திரையின் துல்லியம் என்பது யாதென அறிதல் வேண்டும். கைப்பேசித் திரை, பிக்ஸல் எனப்படும் நுண்ணிய ஒளிப்புள்ளிகள் வரிசை வரிசையாய் அமைந்த பரப்பாம். 1280க்கு 720 என்றால் மொத்தம் 9,21,600 புள்ளிகள். 1920க்கு 1080 என்றால் 20,73,600. 2560க்கு 1440 என்றால் 36,86,400. இவ்வெண்களில் ஒரு சூட்சுமம் அடங்கியுள்ளது. வாசலிலே பத்து வரிசையில் பத்துப் பத்தாய்ப் புள்ளியிட்டுக் கோலமிடும் பெண், இருபது வரிசையில் இருபது இருபதாய் இடப் புகுவாளாயின், புள்ளிகள் நூற்றிலிருந்து இருநூறாக அன்று, நானூறாகப் பெருகும். பக்கம் இருமடங்கானால் வேலை நான்மடங்காகும். 720 என்பதும் 1440 என்பதும் கடைக்காரர் வாயில் இருமடங்குபோல் ஒலிப்பினும், கைப்பேசியின் தலையில் ஏறுவது நான்மடங்குச் சுமையே.

இனி, அச்சுமையைச் சுமப்பது யார்? கைப்பேசிக்குள் வரைகலைச் செயலி என்றோர் உறுப்பு உண்டு. அசையாத புகைப்படத்தைக் காட்டும்போது அதற்குச் சிரமம் ஒன்றுமில்லை. ஆட்டத்திலோ, ஒவ்வொரு புள்ளிக்கும் இன்ன நிறம், இன்ன நிழல், இன்ன ஒளி என்று புதிதாய்க் கணக்கிட வேண்டும். காட்சி தடங்கலின்றி ஓடுதற்கு விநாடிக்கு 60 சித்திரங்கள் வேண்டுமென்றால், ஒரு சித்திரத்துக்குக் கிடைக்கும் அவகாசம் விநாடியின் ஆயிரத்தில் சுமார் 17 பங்கே. அவ்வேகத்தில் 1920க்கு 1080 திரைக்கு விநாடிக்கு 12 கோடியே 44 இலட்சம் புள்ளிகள் தீட்டப்பட வேண்டும்; 1280க்கு 720 ஆயின் 5 கோடியே 53 இலட்சம் போதும். புகையும் நெருப்பும் கண்ணாடியும் நிறைந்த காட்சியில் ஒரே புள்ளியைப் பன்முறை தீட்ட நேர்வதால் உண்மைக் கணக்கு இன்னும் பெரிது. அவகாசத்துக்குள் வேலை முடியாதபோது சித்திரம் பிந்துகிறது. பிந்திய சித்திரமே நாம் காணும் திணறல். அன்றியும், தீட்டிய நிறங்களை நினைவகத்தில் எழுதவும் எடுக்கவும் வேண்டும். புள்ளிக்கு 4 பைட்டு வீதம் 1920க்கு 1080 சித்திரம் ஒன்றே 82,94,400 பைட்டு கொள்ளும். பழைய கைப்பேசியில் நினைவகத்துக்குச் செல்லும் வழியும் குறுகியதே. குருவியின் தலையில் பனங்காயை வைத்துவிட்டுக் குருவி நொண்டுகிறது என்று குறைகூறல் தகுமா?

குருவியின் தலையில் பனங்காயை வைத்தவர் யார் என்பதற்குச் சரித்திரமே சாட்சி. 2009-ஆம் ஆண்டில் வந்த ஐபோன் 3ஜிஎஸ் 480க்கு 320 ஆக 1,53,600 புள்ளிகள் உடையது. மறுவருஷத்து ஐபோன் 4 திரையில் 960க்கு 640 ஆக 6,14,400 புள்ளிகள் நின்றன. புள்ளி நான்மடங்காயிற்று, வரைகலைச் செயலியோ அதே இனத்ததாகவே இருந்தது. கைப்பேசிக்கு உறவான பலகைக் கணினியிலும் இவ்வாறே நிகழ்ந்தது. 2011-ஆம் ஆண்டு ஐபேட் 2 இல் 7,86,432 ஆக இருந்த புள்ளிகள், 2012-ஆம் ஆண்டு மூன்றாம் தலைமுறை ஐபேடில் 31,45,728 ஆயின. வரைகலைக் கருக்கள் இரண்டிலிருந்து நான்கு மட்டுமே ஆயின. மின்கலத்தின் கொள்ளளவை 25 வாட்மணியிலிருந்து சுமார் 42 வாட்மணிக்கு உயர்த்தியும், உடலைச் சற்றுத் தடிப்பாக்கியும் அக்கருவியை ஓடச் செய்தனர். அவ்வாண்டு முடியுமுன்பே அடுத்த தலைமுறை வந்து அதன் இடத்தைப் பிடித்துக்கொண்டது.

செய்தவரே பின்னர் இவ்வுண்மையை ஒப்புக்கொண்டதும் நோக்கத்தக்கது. 2015-ஆம் ஆண்டில் சோனி வெளியிட்ட எக்ஸ்பீரியா இஸட்5 பிரீமியம், 3840க்கு 2160 ஆக 82,94,400 புள்ளிகள் உடைய திரையைத் தாங்கி வந்தது. ஆயினும் புகைப்படமும் சலனப்படமும் காட்டுமிடமொழியப் பெரும்பாலும் 1920க்கு 1080 கணக்கிலேயே அது வேலை செய்தது. சாம்ஸங் 2017-ஆம் ஆண்டில் கேலக்ஸி எஸ்8 கைப்பேசியை 2960க்கு 1440 திரையோடு விற்றும், பெட்டியிலிருந்து எடுக்கும்போது 2220க்கு 1080 என்ற நிலையிலேயே வைத்து அனுப்பியது. முந்திய ஆண்டின் எஸ்7 கைப்பேசிக்கும் 2017-ஆம் ஆண்டுப் புதுப்பிப்பின் வழியாய்ப் புள்ளியைக் குறைத்துக்கொள்ளும் வசதி அளிக்கப்பட்டது. பெருமை பேசுதற்கு ஓர் எண்ணும், அன்றாடம் உழைத்தற்கு வேறோர் எண்ணும் என்பது இதனால் வெளிப்படை.

"புள்ளியைக் குறைத்தால் காட்சி மங்கிப் போகாதா?" என்று வினவுவார்க்கு விடை கூறுதல் நம் கடன். சாதாரணமாய் நல்ல பார்வையுடைய கண், ஒரு பாகையை அறுபது கூறாக்கிய அளவு வரை இரு புள்ளிகளைப் பிரித்தறியும் என்பர். 30 சென்டிமீட்டர் தொலைவில் அது ஒரு மில்லிமீட்டரில் பதினொன்றில் ஒரு பங்குக்குச் சற்றுக் குறைவு. அதாவது அங்குலத்துக்குச் சுமார் 290 புள்ளி. 5.5 அங்குலத் திரையில் 1280க்கு 720 என்பது அங்குலத்துக்கு 267 புள்ளி. 1920க்கு 1080 என்பது 401. 2560க்கு 1440 என்பது 534. ஆகவே 534இலிருந்து 401க்கு இறங்குவதில் ஆடுபவன் இழப்பது ஏறக்குறைய ஒன்றுமில்லை. 267க்கு இறங்கும்போது கூர்ந்து நோக்குவார்க்கு எழுத்தின் ஓரம் சற்றே மழுங்கித் தோன்றும். துப்பாக்கி ஆட்டங்களில் தொலைவில் நிற்கும் பகைவன் சில புள்ளிகளாகச் சுருங்கித் தெளிவு குன்றுவான் என்பதையும் மறைக்கமாட்டோம். ஆயினும் விரல் இட்ட கட்டளைக்குத் திரை பிந்தி விடையளிக்குமாயின், தெளிவாய்த் தெரிந்த பகைவனையும் வெல்லுதல் அரிது. ஓடுகிற காட்சிக்கு ஓட்டமே அழகு.

மற்றொரு நன்மையும் உண்டு. பெரும்பாலான கைப்பேசிகளுக்குள் விசிறி இல்லை. செயலி கடுமையாய் உழைக்கும்போது எழும் வெப்பம் மெல்லிய உடலின் வழியாகவே வெளியேற வேண்டும். வெப்பம் வரம்பை அணுகினால் செயலி தன்னைக் காத்துக்கொள்ளத் தன் வேகத்தைத் தானே குறைத்துக்கொள்ளும். தொடக்கத்தில் நன்றாயிருந்த ஆட்டம் சிறிது நேரத்தில் தளர்வதற்குப் பெரும்பாலும் இதுவே காரணம். சித்தரை வைகாசி வெயிலில் நம் ஊர்களில் இத்தளர்ச்சி விரைந்து வரும். புள்ளி குறைந்தால் உழைப்புக் குறையும். உழைப்புக் குறைந்தால் சூடு தணியும். சூடு தணிந்தால் வேகம் நிலைக்கும். முதுமையடைந்த மின்கலமும் சற்றே நீடிக்கும்.

எனினும், இது சர்வரோக நிவாரணி என்று நாம் சொல்லத் துணியோம். ஆட்டத்தின் விதிகளையும், பலர் கூடியாடும்போது அவரவர் அசைவுகளையும் கணக்கிடுவது மையச் செயலி. அது தளர்ந்திருப்பின் புள்ளியைப் பாதியாக்கினும் பயனில்லை. நினைவகம் போதாமையால் நேரும் தடங்கலுக்கும், இணையம் மெதுவாயிருத்தலால் நேரும் பிந்துதலுக்கும் இம்மருந்து வேலை செய்யாது. ஆயினும், இதனைச் சோதனையாகக் கொள்ளுதல் எக்காலும் பிரயோஜனமே. புள்ளியைக் குறைத்தவுடன் ஆட்டம் சீர்படின் வரைகலைச் செயலியே இடர்ப்பட்டது என்று துணியலாம். சிறிதும் மாறாதாயின் குற்றம் பிறிதோரிடத்தது. இச்சோதனைக்கு ஒரு காசும் செலவில்லை.

செய்யும் முறையும் கடினமன்று. பல ஆட்டங்களில் சித்திரத் தரத்தைத் தாழ்த்தும் தெரிவு உள்ளேயே உண்டு. அதனை முதலில் நாடுக. சில கைப்பேசிகளில் அமைப்புகளுள் திரைத் துல்லியத்தை மாற்றும் வசதி உண்டு. ஆண்ட்ராய்டு 13 முதலாக, ஆட்டத்தை மட்டும் குறைந்த புள்ளியில் வரையச் செய்யும் ஏற்பாடு, கைப்பேசி செய்வோர் அளிக்குமிடத்து, அமைந்துள்ளது. கணினியோடு இணைத்துக் கட்டளையிட்டு ஆண்ட்ராய்டின் புள்ளிக் கணக்கை மாற்றும் வழியும் உளது. பழைய நிலைக்கு மீளும் கட்டளையை முன்னரே குறித்து வைத்துக்கொண்டோரே அதனைக் கையாளுதல் நன்று. ஐபோனில் இத்தகைய பொதுத் தெரிவு இல்லாமையின், ஆட்டத்துக்குள் உள்ள தெரிவையே நம்பியிருத்தல் வேண்டும்.

முடிவாக மூவருக்கு நம் விண்ணப்பம். ஆட்டங்களை ஆக்குவோர், புள்ளித் தொகையை நிழல், புகை முதலிய அலங்காரங்களோடு கட்டிப் போடாது தனித் தெரிவாக அளிப்பாராக. ஏழை மாணவன் எதனை விடுவது, எதனை வைத்துக்கொள்வது என்று தானே தீர்மானிக்கட்டும். கைப்பேசி விற்போர், திரையின் எண்ணைப் பெரிய எழுத்தில் அச்சிடுவதுபோலவே அத்திரையை ஓட்டும் செயலியின் ஆற்றலையும் சொல்லுவாராக. நம் மாணவரோ, கோபுரம் கட்டப் புகுமுன் உட்கார்ந்து செலவைக் கணக்கிடும் மனிதனைப் பற்றி வேத பாட வகுப்பிலே கேட்டவர்கள். புதிய கைப்பேசிக்குத் தந்தையிடம் கைநீட்டுமுன் பழையதன் புள்ளியைக் கணக்கிடுவார்களாக. விரலுக்குத் தக்க வீக்கம் என்று நம் முன்னோர் சொல்லி வைத்தனர். தளர்ந்த கருவிக்குத் தக்க அளவில் வேலை கொடுப்போமாயின் அது இன்னும் சில ஆண்டு நமக்கு உண்மையாய் ஊழியஞ் செய்யும். மிச்சமாகும் பணம் ஒரு பருவத்துக் கட்டணமாகவோ, தங்கை ஒருத்தியின் பாடப் புத்தகங்களாகவோ மாறுமெனில், அவ்வாட்டத்தில் வென்றவர் அவரே என்போம்.