பில் புத்தகத்தின் பின்பக்கம்

2020 மார்ச் 20, வெள்ளிக்கிழமை மாலை ஆறு மணிக்கு நாடு முழுவதும் ஊரடங்குச் சட்டம் போட்டார்கள். புதுக்கடையில் ஒரு இரும்புக் கடையில் வேலை செய்த நமது தோட்டத்துப் பையன், என்னிடம் படித்தவன், பஸ் கிடைக்காமல் கடை மாடியிலேயே தங்கிவிட்டான். கொழும்பில் ஊரடங்கு தளர்ந்தது மே 26 இல். அந்த இரண்டு மாதமும் பழைய பில் புத்தகத்தின் பின்பக்கத்தில் தினமும் இரண்டு வரி எழுதியிருக்கிறான். எத்தனை பேருக்கு எவ்வளவு அரிசி, யாருக்குக் காய்ச்சல், பக்கத்துப் பண்டாரநாயக்க மாவத்தைச் சனங்களைத் தனிமைப்படுத்தல் நிலையத்துக்குக் கொண்டுபோனது, அன்றைக்கு எத்தனை மூட்டை இறக்கினான் என்பது.

"ஏன் எழுதினாய்?" என்று கேட்டேன். "நாள் மறந்து போகுது டீச்சர்" என்றான்.

ஊர் திரும்பிச் சம்பளக் கணக்குப் பேசியபோது, சாமான் இறக்கிய நாட்களையும் "சும்மா தங்கிய நாள்" என்றார்கள். பில் புத்தகத்தை முன்னால் வைத்தோம். முழுச் சம்பளம் வரவில்லை. பதினொரு நாளுக்கு வந்தது.

தோட்டத்தில் என்ன நடந்தது? நாடே வீட்டுக்குள் இருந்தபோது நாம் கொழுந்து பறித்தோம். அந்த நாட்களின் கணக்கு செக்ரோலில் இருக்கிறது. கிலோ குறைவு என்று அரைப் பேர் போட்டதும் அதில் இருக்கும். ஏன் குறைந்தது என்பது இருக்காது. நமது பாட்டன்மார் மண்டபம் முகாமில் மறிக்கப்பட்டுத்தான் இங்கே வந்தார்கள். எத்தனை தலை என்று வெள்ளைக்காரன் எழுதி வைத்தான். அங்கே என்ன சாப்பிட்டார்கள், யாரைப் பறிகொடுத்தார்கள் என்று அவர்கள் கைப்பட எழுதிய ஒரு தாளை நான் எந்த லயத்திலும் பார்த்ததில்லை. அவர்களுக்கு எழுத்தறிவு கொடுக்கவில்லை, அது தனிக் கதை. இன்று பள்ளிக்கூடம் போன பிள்ளை இல்லாத லயம் உண்டா?

புதுக்கடை என்றதும் நமக்கு ஞாபகம் வருவது கோடு. கொரோனாவில் இறந்தவர்களை எரித்தே ஆகவேண்டும் என்ற விதிக்கு எதிரான மனுக்களை 2020 டிசம்பர் 1 இல் அங்கேதான் உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது. அந்த மாதமே சாதாரண சனங்கள் பொரளை கனத்தை வேலியில் வெள்ளைத் துணி கட்டினார்கள். துணியை அகற்றிவிட்டார்கள், எடுத்த படங்களை அகற்ற முடியவில்லை. 2021 பெப்ரவரியில் அடக்கம் செய்ய அனுமதி வந்தது. 2024 ஜூலையில் அமைச்சரவை மன்னிப்புக் கோரத் தீர்மானித்தது. துணியாலும் படத்தாலும் மட்டும் இது நடந்தது என்று சொல்லமாட்டேன், வெளிநாட்டு நெருக்குதலும் இருந்தது. ஆனால் அப்படி ஒன்றும் நடக்கவில்லை என்று எவராலும் சொல்ல முடியவில்லை.

ஒன்றையும் மறைக்காமல் சொல்லவேண்டும். அந்தப் பையன் வந்து இறங்கியபோது, "கொழும்பு ஆள்" என்று அவன் வீட்டு வாசலைப் படம் பிடித்து வட்ஸ்அப்பில் போட்டதும் நமது ஆட்கள்தான். அவன் அம்மாவுக்குப் பீலியில் தண்ணீர் பிடிக்க இடம் விடவில்லை. அடுத்தவர் நோயைப் படம் பிடிப்பது பதிவு அல்ல.

உங்கள் வீட்டுக் கணக்கை எழுதுங்கள். காம்பராவில் தொங்கும் கலண்டர் கட்டம் போதும். பறித்த கிலோ, முழுப் பேரா அரைப் பேரா, பிள்ளைக்குக் காய்ச்சல் வந்த நாள், அம்புலன்சைக் கூப்பிட்ட நேரம், அது வந்த நேரம். பேனையால் எழுதுங்கள், பென்சில் அழிந்துவிடும்.

2020, 2021 கலண்டர்களைச் சுவரில் ஒட்டியிருப்பவர்கள் கிழித்து அடுப்பில் போடவேண்டாம். சங்கக் காரியாலயத்துக்குக் கொண்டுவாருங்கள். பிரதி எடுத்துக்கொண்டு அசலை அப்போதே கையில் தருவோம். பில் புத்தகம் ஏற்கெனவே வந்துவிட்டது.