அடுப்பங்கரையின் மேல் விழும் வரி

இங்கிலாந்தின் கிராமம் ஒன்றில் தபால் ஆபீஸ் மூடப்பட்ட பிறகும், பள்ளிக்கூடம் அடுத்த ஊர்ப் பள்ளியோடு சேர்க்கப்பட்ட பிறகும், பஸ் வருவது நாளைக்கு இரண்டு தடவை என்று சுருங்கிவிட்ட பிறகும், ஊரார் மாலை வேளையில் ஒன்றுகூடி மழையைப் பற்றியும் விளைச்சலைப் பற்றியும் கால்பந்து ஆட்டத்தைப் பற்றியும் பேசிக்கொள்வதற்கு மிச்சமாக நிற்கும் பொது ஸ்தலம், 'பப்' என்று வழங்கும் மதுச்சாலை ஒன்றுதான். மதுவைக் குடும்ப நாசமாகவே கண்டு பழகிய நமக்கு, அப்படிப்பட்ட இடம் ஒன்று மூடப்படுவது வருந்தத்தக்க விஷயமாகத் தோன்றாமல் போகலாம். ஆயினும், மனைவியை இழந்த முதியவர் ஒருவர் ஒரு கோப்பை பீரை முன்னால் வைத்துக்கொண்டு கணப்பின் அருகில் இரண்டு மணி நேரம் உட்கார்ந்திருப்பதையும், அவர் தொடர்ந்து சில நாள் வராவிட்டால் கடைக்காரரே அவர் வீட்டுக் கதவைத் தட்டி விசாரிப்பதையும் அறிந்தவர்கள், அந்த இடம் மூடப்படும்போது ஊர் எதை இழக்கிறது என்பதை உணர்வார்கள். 2000ஆம் ஆண்டில் பிரிட்டனில் 60,000க்கு மேல் இருந்த பப்கள் இன்று சுமார் 45,000 ஆகக் குறைந்துவிட்டன. பப்களும் உணவகங்களும் தங்கும் விடுதிகளும் காப்பிக் கடைகளும் சேர்ந்த விருந்தோம்பல் தொழில் ஏறக்குறைய 35 இலட்சம் பேருக்கு ஜீவனம் அளிப்பது. அத்தகைய தொழில் முழுவதுமே இன்று மூச்சுத் திணறுகிறது.

இதற்குக் கூறப்படும் காரணங்கள் பல. 2007இல் வந்த புகைத் தடையும், அங்காடியில் மலிவாகக் கிடைக்கும் பீரும், முந்திய தலைமுறையைவிட இளைஞர்கள் குறைவாகக் குடிப்பதும் உண்மைதான். 2020 மார்ச் 20ஆம் தேதி மாலையில் ஒரே உத்தரவில் எல்லாக் கதவுகளும் அடைக்கப்பட்டபோது வாங்கிய கடனை இன்னும் அடைத்துத் தீராதவர்கள் அநேகர். அந்தக் கடன் தலைமேல் நிற்கும்போதே 2022இல் உக்ரேன் யுத்தம் மூண்டு, காஸ் விலையும் மின்சார விலையும் ஏறின. வீடுகளுக்கு இருந்த விலை உச்சவரம்பு வியாபார ஸ்தலங்களுக்கு இல்லாமையால், நாள் முழுவதும் அடுப்பும் குளிர்பதனப் பெட்டியும் ஓட வேண்டிய இவர்கள் அந்த ஏற்றத்தைப் பெரும்பாலும் கவசமின்றி ஏற்க நேர்ந்தது. காலத்தின் மாறுதலையும் நோயையும் யுத்தத்தையும் எந்தச் சர்க்காரும் தடுத்திருக்க முடியாதென்று ஒப்புக்கொள்வோம். ஆனால் வரவு செலவுத் திட்டத்தின் மூலம், நன்றாகத் தெரிந்தே, வருஷந்தோறும் இத்தொழிலின் மேல் ஏற்றப்படும் பாரத்தைப் பற்றி அப்படிச் சொல்ல முடியாது.

உணவகம் ஒன்றில் 12 பவுண்டு விலை போட்டிருக்கும் ஒரு தட்டுச் சாப்பாட்டை எடுத்துக்கொள்வோம். மதிப்புக் கூட்டு வரி 20 சதவீதம். ஆகவே அந்தப் பன்னிரண்டில் 2 பவுண்டு சர்க்காரைச் சேர்ந்தது. மேஜை நாற்காலி செய்து விற்பவரும் இதே விகிதத்தில்தான் வரி செலுத்துகிறார். ஆனால் அவர் மரத்துக்கும் ஆணிக்கும் ஏற்கெனவே கொடுத்த வரியைத் தாம் கட்ட வேண்டிய தொகையில் கழித்துக்கொள்கிறார். சமையல் செய்து விற்பவருக்கோ கழித்துக்கொள்ள அதிகம் இல்லை. ஏனெனில் அவர் வாங்கும் அரிசி, காய்கறி, மீன், இறைச்சி ஆகியவற்றுக்கு அந்நாட்டுச் சட்டப்படி வரியே கிடையாது. ஏழை வீட்டு உலைக்கு உதவும் நல்ல நோக்கத்தோடு ஏற்பட்ட அந்த விலக்கு, உணவக முதலாளியின் கணக்குப் புத்தகத்தில் விபரீதமான பலனைத் தருகிறது: அவர் கட்டும் வரியில் பெரும் பாகம், அரிந்தும் வதக்கியும் வேகவைத்தும் பரிமாறியும் மனிதக் கைகள் செய்த உழைப்பின் மீதே விழுகிறது. அதே பண்டத்தைத் தொழிற்சாலையில் இயந்திரங்களின் துணையோடு சமைத்து, குளிரவைத்து, பெட்டியில் அடைத்து அங்காடியில் விற்றால் பெரும்பாலும் வரி பூஜ்யம். வெதர்ஸ்பூன் பப்களின் தலைவர் டிம் மார்ட்டின் பல ஆண்டுகளாக இந்த ஏற்றத்தாழ்வைச் சுட்டிக்காட்டி வருகிறார். அவருடைய மற்ற அபிப்பிராயங்களோடு எனக்கு எவ்வளவு பேதம் இருப்பினும் இந்த ஒரு விஷயத்தில் அவர் சொல்வது நியாயம். பிரான்ஸ் தேசத்தில் உணவக உணவுக்கு வரி 10 சதவீதம்; ஜெர்மனி 2026 ஜனவரி முதல் அதை 7 சதவீதமாகக் குறைத்திருக்கிறது.

இதைக் காட்டிலும் கொடிதாக எனக்குப் படுவது, ஆள் வைத்துக்கொள்வதன் மீது 2025 ஏப்ரலில் ஏற்றப்பட்ட சுமை. நிதி மந்திரி ரேச்சல் ரீவ்ஸ் முந்திய ஆண்டு அக்டோபரில் சமர்ப்பித்த திட்டத்தின்படி, முதலாளி செலுத்த வேண்டிய தேசியக் காப்பீட்டுச் சந்தா 13.8 சதவீதத்திலிருந்து 15 ஆயிற்று. பத்திரிகைகள் பெரிதாகப் பேசியது அந்த விகிதத்தைப் பற்றித்தான். உண்மையான அடி அதே திட்டத்தின் வேறொரு ஷரத்தில் இருந்தது. வருஷச் சம்பளத்தில் முதல் 9,100 பவுண்டுக்குச் சந்தா இல்லை என்று இருந்ததை, முதல் 5,000 பவுண்டுக்கு மட்டும் இல்லை என்று குறைத்துவிட்டார்கள். பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பிவிட்டு மத்தியானப் பந்திக்கு மட்டும் வந்து பரிமாறிச் செல்லும் ஒரு தாயை நினைத்துப் பார்ப்போம். வாரத்துக்குப் பதினாறு மணி நேரம் வேலை. வருஷத்துக்கு ஏறக்குறைய 10,000 பவுண்டு சம்பளம். அவருக்காக முதலாளி முன்பு கட்டிய சந்தா 124 பவுண்டு. இப்போது கட்ட வேண்டியது 750. மொத்தச் சந்தாவில் 10,500 பவுண்டு வரையில் தள்ளுபடி உண்டு என்பதால், இரண்டு மூன்று பேரை வைத்து நடத்தும் சிறு காப்பிக் கடை தப்பித்துக்கொள்ளும் என்பதையும் சொல்லிவிட வேண்டும். ஆனால் முப்பது நாற்பது பேரை, அதுவும் பெரும்பாலும் பகுதி நேரத்துக்கு, வைத்துக்கொண்டிருக்கும் உணவகத்துக்கும் கடற்கரை விடுதிக்கும் அந்தத் தள்ளுபடி எம்மூலைக்கு? வங்கியும் கணினி நிறுவனமும் குறைந்த ஆட்களுக்கு நிறைந்த சம்பளம் கொடுப்பவை. வரம்பைத் தாழ்த்துவதால் அவற்றுக்குக் கூடும் செலவு சம்பளத்தோடு ஒப்பிட்டால் அற்பம். குறைந்த சம்பளத்தில் அதிகம் பேருக்கு வேலை கொடுக்கும் தொழிலையே தேடிப் பிடித்து அடித்தாற்போல் இருக்கிறது இந்தச் சட்டம்.

மூன்றாவது, கட்டடத்தின் மீது விதிக்கப்படும் வியாபார ஸ்தல வரி. சாதாரணக் கடைக்கு இது வாடகை மதிப்பைக் கொண்டு கணக்கிடப்படும்; பப்புக்கோ, நியாயமாக நடத்தினால் அங்கே எவ்வளவு விற்பனை ஆகக்கூடும் என்ற உத்தேசத்தைக் கொண்டு. ஆகவே அரும்பாடுபட்டு வாடிக்கையாளரைச் சேர்த்தவர், அடுத்த மதிப்பீட்டில் அந்தப் பாட்டுக்கே வரி கட்டுகிறார். 2023இல் அமலுக்கு வந்த மதிப்பீடு, 2021 ஏப்ரலில், அதாவது நோய்க்காலத்தில் கடைகள் வெறிச்சோடிக் கிடந்த நிலையை அடிப்படையாகக் கொண்டது; 2026இல் வந்ததோ 2024இன் நிலையை அடிப்படையாகக் கொண்டது. விளைவு, மதிப்புகள் குதித்தேறின. அதே சமயத்தில், முன்பு 75 சதவீதமாகவும் பின்பு 40 சதவீதமாகவும் இருந்த சலுகையும் முடிவுக்கு வந்தது. வரி விகிதத்தைச் சற்றுக் குறைத்தும் ஈடாகவில்லை. பப்காரர்கள் ஆளும் கட்சி எம்.பி.க்களைத் தங்கள் வாசற்படி ஏற விடமாட்டோம் என்று அறிவிப்பு ஒட்டும் அளவுக்குக் கோபம் முற்றிய பிறகு, 2026 ஜனவரியில், இங்கிலாந்திலுள்ள பப்களுக்கும் இசை அரங்குகளுக்கும் 15 சதவீதத் தள்ளுபடி அறிவித்தார்கள். உணவகங்களும் தங்கும் விடுதிகளும் அதில் சேரவில்லை. அவற்றை ஏன் விட்டார்கள் என்பதற்கு நியாயமான சமாதானம் எதையும் என்னால் காண முடியவில்லை.

பீப்பாயில் இருக்கும்போதே புளித்துப் பக்குவமடையும் அந்நாட்டுப் பழைய வகை பீரின் இயல்பை அறிந்தால், கூட்டம் சிறிது குறைந்தாலும் பப் எப்படிச் சரிகிறது என்பது விளங்கும். சாதாரணப் பீப்பாய் ஒன்றில் 72 கோப்பை பீர் இருக்கும். குழாய் செருகித் திறந்துவிட்டால் காற்றுப் பட்டு மூன்று நாளில் சுவை கெட்டுவிடும். நான்கு வகை பீர் வைத்திருப்பவர் நான்கு பீப்பாய்களையும் அந்த மூன்று நாளில் விற்றாக வேண்டும். விற்காவிட்டால் மிச்சத்தைச் சாக்கடையில் கொட்ட வேண்டும். குழாய்களை வாரந்தோறும் மருந்து விட்டுக் கழுவ வேண்டும். அப்போதும் குழாயில் நின்ற பீர் வீணாகும். திங்கள் செவ்வாய்களில் கூட்டம் இல்லையென்று கதவை அடைக்கத் தொடங்குபவர், பிறகு நான்கு வகையை இரண்டாக்குகிறார். இரண்டே வகை இருக்கும் கடைக்கு ரசிகர்கள் வருவது குறைகிறது. கடைசியில், நடக்கிற வியாபாரத்தைவிட அடியிலுள்ள மனைக்கு மதிப்பு அதிகம் என்ற கட்டம் வருகிறது. ஸ்டாஃபோர்ட்ஷயரில் நிலக்கரிச் சுரங்கத்தால் தரை தாழ்ந்து, ஒரு பக்கமாகச் சாய்ந்தே நின்று புகழ் பெற்ற 'க்ரூக்கட் ஹவுஸ்' என்ற பழைய பப் 2023இல் கைமாறிய சில நாட்களில் தீப்பற்றியது. இரண்டு நாளைக்குள் இடித்துத் தரைமட்டமாக்கப்பட்டது. முன்பிருந்தபடியே திருப்பிக் கட்ட வேண்டுமென்று உள்ளூர்க் கவுன்சில் அடுத்த ஆண்டு உத்தரவிட்டது. நாடே அந்தச் செங்கல் குவியலைப் பார்த்து வருந்தியது. அதே காலத்தில் சத்தமின்றி அடுக்குமாடி வீடுகளாக மாறிப்போன பப்களுக்காக வருந்தியவர்கள் அந்தந்தத் தெருக்காரர்கள் மட்டுமே.

இவ்வளவும் சொன்ன பிறகு, முதலாளிகளின் சங்கங்கள் இந்தப் பட்டியலில் குறைந்தபட்சக் கூலி உயர்வையும் சேர்க்கும்போது நான் அவர்களோடு நிற்க இயலாது. மணிக்கு 11.44 பவுண்டாக இருந்த கூலி 2025இல் 12.21 ஆகவும், 2026இல் 12.71 ஆகவும் உயர்ந்தது. லண்டன் வாடகையை அறிந்தவர் எவரும் இதை ஊதாரித்தனம் என்று சொல்லத் துணியமாட்டார். வாடிக்கையாளர் பரிசாரகருக்கு மனமுவந்து கொடுத்த இனாமை முதலாளி எடுத்துக்கொள்ளக் கூடாது என்பதற்கு 2023இல் பார்லிமெண்டு ஒரு சட்டம் இயற்ற வேண்டியிருந்தது என்பதே இத்தொழிலின் நடத்தைக்குச் சாட்சி. எளிதாகக் கிடைத்த வெளிநாட்டுக் கைகளை நம்பியே இத்தொழில் நெடுங்காலம் வளர்ந்தது. 'இந்திய உணவகம்' என்ற பெயர்ப் பலகைகளில் பெரும்பாலானவற்றின் பின்னால் அடுப்பை ஊதியவர்கள் சில்ஹெட்டிலிருந்து சென்ற வங்காளிகள். 1983க்குப் பிறகு ஈழத்திலிருந்து அகதிகளாகச் சென்று சேர்ந்த நம்மவர் பலர், படித்த படிப்பை மூட்டை கட்டி வைத்துவிட்டு, லண்டன் உணவகங்களின் பின்கட்டில் பாத்திரம் கழுவித்தான் முதல் சம்பளத்தைக் கண்டார்கள். ஈஸ்ட் ஹாமிலும் டூட்டிங்கிலும் இன்று தோசைக் கடை வைத்திருப்பவர்களிடையே அந்த வரலாறு உடையவர்கள் உண்டு. 2004க்குப் பிறகு போலந்துக்காரர்கள் வந்தார்கள். இப்படி எப்போதும் யாராவது வந்துகொண்டிருந்ததால், உள்ளூர்ப் பிள்ளைகளுக்குத் தொழில் பழக்கி, கௌரவமான வாழ்க்கையாக அதை ஆக்கித் தர வேண்டும் என்ற எண்ணம் முதலாளிகளுக்கு எழவில்லை.

ஐரோப்பியத் தொழிலாளரின் தடையற்ற வருகை 2020 இறுதியில் நின்றது. வெளிநாட்டுச் சமையல்காரரை வரவழைக்க 26,200 பவுண்டாக இருந்த சம்பள வரம்பு, 2024 ஏப்ரலில் 38,700 ஆயிற்று. 2025 ஜூலையில் அதையும் உயர்த்தி, பட்டப்படிப்புக்கு நிகரான வேலைகளுக்கே விசா என்ற நிபந்தனையை விதித்தார்கள். தகிக்கும் தந்தூரி அடுப்புக்குள் கையை விட்டு, ரொட்டி கருகுவதற்கு முந்திய க்ஷணத்தில் அதைப் பெயர்த்தெடுக்கும் வித்தைக்கு எந்தச் சர்வகலாசாலையும் பட்டம் கொடுப்பதில்லை. குடியேற்றத்தைக் கட்டுப்படுத்துவது ஒரு நாட்டின் உரிமை. அதில் நான் குறுக்கிடவில்லை. ஆனால் கதவை அடைத்த வேகத்தில் உள்ளே சமையல் பயிற்சிக்கூடங்கள் எழவில்லை என்பது கண்கூடு.

தாமே முயன்று பிழைத்தவர்களும் இருக்கிறார்கள். கம்ப்ரியாவில் ஹெஸ்கெட் நியூமார்க்கெட் என்ற கிராமத்து மக்கள், தங்கள் 'ஓல்ட் கிரவுன்' பப்பைக் காப்பாற்றப் பங்கு போட்டுப் பணம் திரட்டி, 2003இல் கூட்டுறவு முறையில் அதை வாங்கினார்கள். அதைப் பின்பற்றி வேறு பல ஊர்களும் அவ்விதம் செய்திருக்கின்றன. போற்றத்தக்க காரியந்தான், ஆயினும் ஊர் கூடி வாங்கிய பப்பும் அதே 20 சதவீத வரியை, அதே சந்தாவைத்தான் கட்ட வேண்டும்.

உணவக வரியைக் குறைத்தால் பொக்கிஷத்துக்குப் பெரு நஷ்டம் என்றும், 2020 ஜூலையில் அதை 5 சதவீதமாக்கியபோது பல கடைக்காரர்கள் விலையைக் குறைக்காமல் லாபத்தைத் தாமே வைத்துக்கொண்டார்கள் என்றும் நிதி இலாகாவினர் ஆட்சேபிப்பார்கள். வைத்துக்கொண்டதால்தான் கதவு திறந்திருந்தது என்பது என் பதில். இப்போதும் பிரான்ஸைப் போல 10 சதவீதமாக ஆக்கட்டும். காப்பீட்டுச் சந்தாவின் வரம்பைப் பழைய 9,100 பவுண்டுக்கே உயர்த்தட்டும். பப்புக்குத் தந்த ஸ்தல வரித் தள்ளுபடியை உணவகத்துக்கும் விடுதிக்கும் தரட்டும். பிரதியாக, வாரத்துக்கு இத்தனை மணி வேலை நிச்சயம் என்று எழுதிக் கொடுப்பதையும், இத்தனை பேருக்கு ஓர் இளைஞர் வீதம் தொழில் பழக்குவதையும் முதலாளிகளிடம் கேட்டுப் பெறட்டும். கொடுத்த சலுகை இன்ன காரியத்துக்குப் பயன்பட்டதா என்று ஆண்டுதோறும் கணக்குப் பார்க்கவும் அப்போதுதான் சர்க்காருக்குப் பாத்தியதை உண்டாகும்.