வேலியும் துளையும்

பேசும் படம் தோன்றுமுன் வெளிவந்த ஊமைப்படங்களிலே, தந்தை அறியாமல் காதலித்தல் என்பது சலியாது எடுத்தாளப்பெற்ற பொருளாகும். இத்தகைய படங்கள் இளைஞரைப் பெற்றோர் சொற்கு அடங்காதவராக்கும் என்று கூறுவார் உளர். அக்கூற்று முழுதும் பொருந்தாது என்பதே எம் கருத்து. சான்றாக, அமெரிக்க நகைச்சுவை நடிகர் பஸ்டர் கீட்டன், எட்வர்ட் கிளைன் என்பவருடன் சேர்ந்து 1920-ம் ஆண்டில் இயக்கி நடித்த 'நெய்பர்ஸ்', அதாவது 'அயலார்' என்னும் குறும்படத்தை நோக்குவோம்.

இரு வீட்டார்க்கும் நடுவே ஒரு மரவேலி. அதிலுள்ள துளை வழியாக இளைஞனும் மங்கையும் காதற்கடிதங்கள் மாற்றிக்கொள்கின்றனர். பேச்சொலி இல்லாத படத்திற்கு இதனினும் ஏற்ற காட்சி வேறில்லை. காதலர் வாய்திறவாது மறைத்ததை நாம் கண்ணாற் கண்டு உணர்கிறோம். வழக்கு நீதிமன்றம் ஏறுகிறது. மணம் நிகழத் தடையில்லை என்றாகிறது. ஆயினும் மணவேளையில், மணமகன் கொணர்ந்த மோதிரம் மலிவானதென்று கண்ட பெண்ணின் தந்தை, மகளை வீட்டிற்கு இழுத்துச் சென்றுவிடுகிறார். பின்னர், தோள்மேல் தோளாக நின்ற தோழர் இருவர்க்கும் மேலே நின்று, இளைஞன் அவளைச் சாளரத்தின் வழியே மீட்டுச் செல்கிறான்.

மகள் வறியவனைச் சேர்ந்து துன்புறுவாளோ என அஞ்சுதல் எத்தந்தைக்கும் இயல்பு. அன்பு வைத்தவனை மோதிரத்தின் விலையால் அளந்ததே இவர் செய்த பிழை. அப்பிழையைக் கண்டு நகைக்கிறோமேயன்றித் தந்தையர் அனைவரையும் வெறுக்க நாம் கற்பதில்லை.

இன்னுமொன்று. அப்படத்தில் இளைஞனின் தந்தையாக நடித்தவர் பஸ்டரின் சொந்தத் தந்தையாகிய ஜோ கீட்டன். மகன் சிறுவனாயிருந்தபோது நாடக மேடையிலே அவனைத் தூக்கி எறிந்து மக்களைச் சிரிக்கச் செய்தவர் அவரே. அவருடைய குடிப்பழக்கம் மிகவே, 1917-ல் அக்குடும்பத்தின் மேடையாட்டம் கலைந்தது. எனினும் மகன் பிற்காலத்தே தம் படங்களில் அவருக்கு இடமளித்தார். தந்தையரை நகையாடும் படத்தினுள்ளேயே தந்தையைக் கைவிடாத மகன் ஒருவர் நிற்கின்றார்!

ஆதலின், இப்படம் பிள்ளைகளை வேலி தாண்ட ஏவுகிறது என்று அஞ்சவேண்டா. பெற்றோர் வேலியை உயர்த்துமுன் பிள்ளை சொல்வதைக் கேட்பாராக. பிள்ளைகளும் துளையை நாடுமுன் தந்தையின் அச்சம் யாதென வினவுவாராக. ஊமைப்படத்திற்குப் பேச்சில்லாமை கருவியின் குறை. இல்லத்திலே பேச்சில்லாமை நம் குறையேயாகும்.